கத்திக்கு முன்னால் நிற்கும் கே

என் மகள் நான்காம் வகுப்பு படிக்கிறாள். போன வாரம் டிக்டேஷன் நோட்டைக் கொண்டுவந்து நீட்டினாள். பத்துக்கு ஏழு. 'நைஃப்' என்ற சொல்லை 'என்' எழுத்தில் ஆரம்பித்து எழுதியிருந்தாள். அதைச் சிவப்பு மையால் சுழித்து, முன்னால் பெரிதாக ஒரு 'கே' போட்டிருந்தார்கள். "ஏம்மா, அந்தக் கே-வை யாருமே சொல்றதில்லையே, அப்புறம் எதுக்கு எழுதணும்?"

"அது சைலண்ட் லெட்டர், மனப்பாடம் பண்ணிக்கோ" என்றுதான் எனக்கும் அந்த வயதில் சொன்னார்கள். மொழிபெயர்ப்பு வேலைக்கு வந்து பல வருடம் கழித்துத்தான் அந்தக் கே-வுக்குப் பின்னால் ஒரு கதை இருப்பது தெரிந்தது. அந்த ஒரு எழுத்தைப் பிடித்துக்கொண்டு போனால், ஆங்கிலம் எங்கிருந்து வந்தது, ஏன் இப்படி இருக்கிறது, எப்படி இத்தனை நாடுகளுக்குப் போனது என்று எல்லாமே ஓரளவு பிடிபட்டுவிடும். அவளுக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன்.

முதலில் சின்ன பதில். ஒரு காலத்தில் அந்தக் கே-வை உச்சரித்தார்கள். கத்தியை 'க்னீஃப்' என்றார்கள். பேச்சு மாறிவிட்டது, எழுத்து மாறவில்லை. இது நமக்குப் புதிதல்ல. 'ஐந்து' என்று எழுதிவிட்டு 'அஞ்சு' என்கிறோம். 'அவர்கள்' என்று எழுதிவிட்டு 'அவங்க' என்கிறோம். ஆனால் நாம் எழுதியதை வாய்விட்டுப் படிக்கும்போது 'ஐந்து' என்றே படிக்க முடியும். பழைய ஒலி நம் வாயில் இன்னும் இருக்கிறது. ஆங்கிலத்தில் பழைய ஒலி வாயை விட்டே போய்விட்டது, தாளில் மட்டும் தங்கியிருக்கிறது.

சரி, அந்தப் பழைய ஒலி எங்கிருந்து வந்தது?

பிரிட்டனின் பழைய குடிகள் பேசியது ஆங்கிலமே அல்ல. அவர்கள் பேசியவை கெல்டிக் மொழிகள். இன்று வேல்ஸ் பகுதியில் பேசப்படும் வெல்ஷ் அந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது. ஏறத்தாழ நானூறு ஆண்டுகள் அங்கே ஆண்ட ரோமர்கள் பொ.ஆ. 410 வாக்கில் கிளம்பிப் போனார்கள். அதன்பின் வடகடலைத் தாண்டி, இன்றைய வட ஜெர்மனி, டென்மார்க் கரைகளிலிருந்து ஆங்கிள்கள், சாக்சன்கள், ஜூட்டுகள் என்ற கூட்டத்தார் வந்து குடியேறினார்கள். ஆங்கிள்களின் பெயரிலிருந்துதான் 'இங்கிலாந்து', 'இங்கிலீஷ்' இரண்டும் வந்தன. வந்தவர்கள் அங்கே ஏற்கெனவே இருந்தவர்களை 'அந்நியர்' என்று பொருள்படும் சொல்லால் அழைத்தார்கள். 'வெல்ஷ்' என்ற பெயர் அந்தச் சொல்லிலிருந்து வந்தது. ஊர்க்காரனை வந்தவன் 'அந்நியன்' என்று கூப்பிட, அதுவே அந்த மக்களுக்குப் பெயராக நிலைத்துவிட்டது. இதை முதன்முதலில் படித்தபோது எனக்கு மனசு கனத்தது.

அவர்கள் கொண்டுவந்த பேச்சைத்தான் பழைய ஆங்கிலம் என்கிறோம். வாட்டர், பிரெட், ஹவுஸ், மதர், சன் என்று அன்றாடம் புழங்கும் சொற்களில் பெரும்பாலானவை அதிலிருந்து வந்தவை. ஆனால் ஆயிரம் வருடத்துக்கு முந்தைய ஆங்கில நூலை இன்றைய லண்டன்காரர் எடுத்து நேரடியாகப் படிக்க முடியாது. வேற்று மொழி மாதிரி தனியாகப் படித்துத்தான் தேற வேண்டும்.

இப்போது கத்தி வருகிறது. 793-இல் லிண்டிஸ்ஃபார்ன் என்ற தீவிலிருந்த மடத்தை வைக்கிங்குகள் தாக்கினார்கள். டென்மார்க், நார்வே பக்கத்திலிருந்து வந்த இவர்கள் முதலில் கொள்ளையடித்தார்கள், பிறகு இங்கிலாந்தின் வடக்கிலும் கிழக்கிலும் குடியேறிப் பயிர் செய்தார்கள், பெண் கொடுத்துப் பெண் எடுத்தார்கள். அவர்கள் பேசிய நார்ஸ் மொழியும் பழைய ஆங்கிலமும் பங்காளிகள் மாதிரி. கொஞ்சம் முயன்றால் ஒருவர் பேசுவது மற்றவருக்குப் புரியும். அப்படிப் பக்கத்துப் பக்கத்தில் வாழ்ந்ததில் ஸ்கை, எக், டேக், ஹஸ்பண்ட் எல்லாம் ஆங்கிலத்துக்குள் வந்துவிட்டன. 'நைஃப்' அவற்றில் ஒன்று. ஆக, என் மகளின் நோட்டில் சிவப்பு மை வாங்கிக் கொடுத்தது ஒரு வைக்கிங் சொல்.

'விண்டோ'வும் அவர்கள் தந்ததுதான். நார்ஸ் மொழியில் அதன் பொருள் 'காற்றின் கண்'. பழந்தமிழில் ஜன்னலுக்குக் காலதர் என்று ஒரு பெயர் உண்டு. கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. ஒன்றை ஒன்று அறியாத இரண்டு மொழிக்காரர்கள், சுவரில் ஒரு ஓட்டையைப் பார்த்துக் காற்றையே நினைத்திருக்கிறார்கள்.

இதைவிட ஆச்சரியம் 'தே', 'தெம்', 'தேர்' என்ற பிரதிப்பெயர்கள். இவையும் நார்ஸ் மொழியிலிருந்து வந்தவையே. பொருள்களின் பெயர்களை எந்த மொழியும் எளிதாகக் கடன் வாங்கும். 'அவர்கள்' என்ற சொல்லையே வெளியிலிருந்து வாங்குவது அபூர்வம். இரண்டு மக்களும் எவ்வளவு நெருங்கி வாழ்ந்திருந்தால் இது நடந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பழைய ஆங்கிலத்தில் நம் வேற்றுமை உருபுகள் போலச் சொல்லின் வால் மாறிக்கொண்டே இருக்கும். அந்த வால்கள் தேய்ந்துபோனதற்கு இந்தக் கலப்பும் ஒரு காரணம் என்று பல மொழியியலாளர்கள் கருதுகிறார்கள்.

1066-இல் பிரான்ஸின் வடகரையிலுள்ள நார்மண்டியிலிருந்து வில்லியம் படையெடுத்து வந்து ஹேஸ்டிங்ஸ் போரில் வென்றான். அதன்பின் முந்நூறு வருடம் போல அரண்மனையிலும் நீதிமன்றத்திலும் பிரெஞ்சுதான். வயலிலும் சந்தையிலும் ஆங்கிலம். தொழுவத்தில் நிற்கும்வரை மாடு 'கவ்', சமைத்து மேசைக்குப் போனால் 'பீஃப்'. ஆடு 'ஷீப்', அதன் கறி 'மட்டன்'. பன்றி 'பிக்', கறி 'போர்க்'. மேய்த்தவர் பேச்சு ஒன்று, சாப்பிட்டவர் பேச்சு வேறு. நீதி, அரசாங்கம் சார்ந்த ஜட்ஜ், ஜூரி, பார்லிமெண்ட், கவர்ன்மெண்ட் எல்லாம் பிரெஞ்சு வழி வந்தவை. சட்டப் பத்திரங்களை மொழிபெயர்க்கும்போது 'வில் அண்ட் டெஸ்டமெண்ட்' என்று ஒரே பொருளுக்கு இரண்டு சொல் வரும். முன்னது பழைய ஆங்கிலம், பின்னது லத்தீன் வழி வந்தது. இரண்டு தரப்புக்கும் புரிய வேண்டும் என்று சேர்த்துச் சொல்லிப் பழகியது. நாம் 'கோர்ட்டு கச்சேரி' என்கிறோமே, அதேதான். கோர்ட்டு ஆங்கிலம், கச்சேரி உருது வழி வந்தது.

பிரெஞ்சு பழகிய எழுத்தர்கள் ஆங்கிலத்தை எழுத உட்கார்ந்தபோது தங்கள் வழக்கப்படி எழுத்துக்கூட்டலை மாற்றினார்கள். 'குவீன்' முன்பு சி, டபிள்யூ எழுத்துகளில் தொடங்கியது. அதை க்யூ, யு ஆக்கியது இவர்கள்தான். 'நைட்' என்ற இரவுக்குள் இருக்கும் ஜி-ஹெச் இந்தக் காலத்தில் வந்து உட்கார்ந்தது. அதுவும் வெறும் அலங்காரமல்ல. தொண்டையிலிருந்து வரும் ஒரு 'ஹ்' ஒலிக்காக அதை எழுதினார்கள். இரவு அப்போது 'நிஹ்ட்'. ஜெர்மன்காரர்கள் இன்றும் இரவை 'நாஹ்ட்' என்றுதான் சொல்கிறார்கள். அந்தக் குடும்பத்தில் ஒரு வீட்டில் செத்த ஒலி இன்னொரு வீட்டில் உயிரோடு இருக்கிறது.

1476-இல் வில்லியம் காக்ஸ்டன் என்ற வணிகர் லண்டனை அடுத்த வெஸ்ட்மின்ஸ்டரில் இங்கிலாந்தின் முதல் அச்சகத்தை அமைத்தார். அச்சடிக்கப் போனவருக்கு ஒரு தலைவலி: எந்த ஊர் ஆங்கிலத்தில் அச்சடிப்பது? 1490-இல் அச்சிட்ட ஒரு நூலின் முன்னுரையில் அவரே ஒரு சம்பவம் எழுதியிருக்கிறார். தேம்ஸ் நதியில் கப்பலேறிய சில வணிகர்கள் காற்று இல்லாததால் கரையொதுங்கினார்கள். அதில் ஒருவர் ஒரு வீட்டுப் பெண்ணிடம் போய்ச் சாப்பிட 'எக்ஸ்' இருக்கிறதா என்று கேட்டார். "எனக்குப் பிரெஞ்சு தெரியாது" என்றாள் அந்தப் பெண். வணிகருக்குக் கோபம். தனக்கும்தான் பிரெஞ்சு தெரியாது, முட்டைதானே கேட்டோம்! பக்கத்திலிருந்த இன்னொருவர் "ஐரன் கேட்கிறார்" என்றதும் அவளுக்குப் புரிந்துவிட்டது. 'ஐரன்' பழைய ஆங்கில முட்டை, 'எக்' வைக்கிங் முட்டை. ஒரே நாட்டில், அதுவும் தேம்ஸ் கரையில், முட்டைக்கு மொழிபெயர்ப்பாளர் வேண்டியிருந்தது. இதில் எதைத்தான் அச்சில் போடுவது என்று காக்ஸ்டன் புலம்புகிறார். யாழ்ப்பாணத்தில் 'பேந்து கதைக்கிறன்' என்பதை நாகர்கோவில்காரர் முதல் தடவை கேட்டால் இதே நிலைதான்.

கடைசியில் அச்சகங்கள் லண்டன் பக்கத்து வழக்கையே பெரும்பாலும் பின்பற்றின. அச்சடித்த எழுத்துக்கூட்டல் மெல்ல மெல்ல உறைந்தது. காக்ஸ்டன் பல வருடம் இருந்த, இன்றைய பெல்ஜியம் பக்கத்து ஃபிளாண்டர்ஸ் பகுதியின் எழுத்துப் பழக்கம்கூட அச்சில் ஏறியது. பேயைக் குறிக்கும் 'கோஸ்ட்' சொல்லில் ஜி-க்குப் பின்னால் சும்மா நிற்கும் ஹெச் அப்படி வந்ததுதான்.

துரதிர்ஷ்டம் என்னவென்றால், எழுத்து உறைந்துகொண்டிருந்த அதே காலத்தில்தான் பேச்சு தலைகீழாக மாறிக்கொண்டிருந்தது. ஏறத்தாழ 1400 முதல் 1700 வரை ஆங்கிலத்தின் நெடில் உயிர்கள் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு இடம் மாறின. பேருந்தில் பின்னாலிருந்து ஒருவர் முன்னே நகர, எல்லோரும் ஒரு படி நகர்வது போல. 'நாம' என்றிருந்தது 'நேம்' ஆனது. 'மோன்' என்ற நிலா 'மூன்' ஆனது. 'ஹூஸ்' என்ற வீடு 'ஹவுஸ்' ஆனது. 'பீட' என்றிருந்த கடி 'பைட்' ஆனது. இதை மகா உயிரொலி மாற்றம் என்பார்கள். எழுத்து மட்டும் பழைய இடத்திலேயே நின்றுவிட்டது. நம் பிள்ளைகள் ஏ என்ற எழுத்தை ஒரு சொல்லில் 'ஆ' என்றும் இன்னொன்றில் 'ஏ' என்றும் படித்துக் குழம்புவதற்குப் பெரிய காரணம் இதுதான். கே-என் சேர்க்கையில் கே மெளனமானதும் இந்தக் காலகட்டத்தின் கடைசியில்தான். ஓ-யு-ஜி-ஹெச் என்ற நான்கு எழுத்தும் 'தோ', 'த்ரூ', 'காஃப்', 'ரஃப்', 'பவ்' என்று ஐந்து சொல்லில் ஐந்து விதமாக ஒலிப்பதற்கும் வேர் இங்கேதான். தொண்டை ஒலி சில சொற்களில் மறைந்தது, சிலவற்றில் 'ஃப்' ஆகத் திரிந்தது.

எல்லா மெளன எழுத்தும் இப்படி ஒரு காலத்தில் ஒலித்தவை அல்ல, அதையும் சொல்லிவிட வேண்டும். கடனைக் குறிக்கும் 'டெட்' சொல்லில் உள்ள பி ஆங்கிலத்தில் எந்தக் காலத்திலும் ஒலித்ததில்லை. பிரெஞ்சிலிருந்து பி இல்லாமல்தான் வந்தது. லத்தீன் மூலத்தில் பி இருக்கிறதே என்று படித்தவர்கள் பின்னால் செருகினார்கள். 'ஐலண்ட்' இன்னும் மோசம். அது சுத்தப் பழைய ஆங்கிலச் சொல். அதற்கும் லத்தீன் உறவு இருப்பதாகத் தவறாக நினைத்து எஸ்-ஐ நுழைத்துவிட்டார்கள். யாரோ செய்த பிழை, இன்று அதை எழுதாவிட்டால் நமக்கு மார்க் குறைகிறது.

இனி கடல் தாண்டிய கதை. 1600-இல் இங்கிலாந்தின் மக்கள்தொகை சுமார் 40 லட்சம். ஒரு தீவின் ஒரு பகுதியில் பேசப்பட்ட மொழி, அவ்வளவுதான். அந்த வருடத்தின் கடைசி நாளில் கிழக்கிந்திய கம்பெனிக்கு அரசுரிமைப் பத்திரம் கிடைத்தது. 1607-இல் அமெரிக்காவின் ஜேம்ஸ்டவுனில் குடியேற்றம். 1788-இல் ஆஸ்திரேலியா. மொழி தன் அழகால் பரவியது என்று சிலர் எழுதுவதைப் பார்த்திருக்கிறேன். அதை நான் ஏற்கவில்லை. கப்பலும் துப்பாக்கியும் கணக்குப் புத்தகமும் கொண்டுபோய்ச் சேர்த்த மொழி இது. இருபதாம் நூற்றாண்டில் அமெரிக்காவின் பணமும் விஞ்ஞானமும் சினிமாவும் கணினியும் அதன் இடத்தை இன்னும் உறுதியாக்கின.

அமெரிக்காவுக்குப் போனவர்கள் ஆங்கிலத்தைக் கெடுத்துவிட்டார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. உண்மை பாதி தலைகீழ். 'கார்', 'ஹார்ட்' போன்ற சொற்களில் ஆர் ஒலியை லண்டன் பக்கத்தில் விட ஆரம்பித்தது 18-ஆம் நூற்றாண்டில்தான். அதற்கு முன்பே கப்பலேறியவர்கள் பழைய ஆர்-ஐக் கையோடு கொண்டுபோனார்கள், அமெரிக்கர்களில் பெரும்பாலோர் இன்னும் வைத்திருக்கிறார்கள். இலையுதிர் காலத்தை 'ஃபால்' என்பதும் இங்கிலாந்தில் வழங்கி மறைந்த பழக்கம். எழுத்தில்தான் அமெரிக்கா வேண்டுமென்றே பிரிந்தது. நோவா வெப்ஸ்டர் 1828-இல் வெளியிட்ட அகராதி 'கலர்' சொல்லிலிருந்து யு-வை எடுத்தது, 'சென்டர்' சொல்லின் கடைசி இரண்டு எழுத்தை இடம் மாற்றியது. தனி நாட்டுக்குத் தனி எழுத்து வேண்டும் என்பது அவர் எண்ணம். கணினியில் நாம் டைப் செய்யும்போது சிவப்புக் கோடு போடுவது பல நேரம் வெப்ஸ்டருக்கும் லண்டனுக்கும் இருக்கும் இந்தப் பழைய கருத்து வேறுபாடுதான்.

ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாக இழுத்துவரப்பட்டவர்கள் கரீபியன் தோட்டங்களில் வேறொரு ஆங்கிலத்தை உண்டாக்கினார்கள். பல மொழிக்காரர்கள் ஒரே இடத்தில் அடைக்கப்பட்டால், அவசரத்துக்கு ஒரு கலப்புப் பேச்சு பிறக்கும். அதைப் பிட்ஜின் என்பார்கள். அதையே தாய்மொழியாகக் கேட்டு ஒரு தலைமுறை வளர்ந்தால் அது முழு இலக்கணமுள்ள மொழியாகிவிடும். அது கிரியோல். ஜமைக்காவின் பேச்சுமொழி அப்படி வந்தது. பசிபிக் பக்கம், எண்ணூறுக்கும் மேற்பட்ட மொழிகள் பேசப்படும் பப்புவா நியூ கினியில் டோக் பிசின் பிறந்தது. அங்கே ஆஸ்பத்திரிக்குப் பெயர் 'ஹவுஸ் சிக்'. 'என்னுடைய' என்பதற்கு 'பிலாங் மி'. கேட்டால் உடைந்த ஆங்கிலம் போலத் தோன்றும். அது அந்த நாட்டின் ஆட்சிமொழிகளில் ஒன்று.

நம் பக்கம் வந்தால், 1639-இல் சென்னைக் கடற்கரையில் கம்பெனிக்கு நிலம் கிடைத்தது. ஆரம்பத்தில் ஊர்மக்கள் யாரும் ஆங்கிலம் படிக்கவில்லை. துபாஷிகள்தான் நடுவில் நின்றார்கள். துபாஷி என்றால் இருமொழிக்காரர். அந்தப் பேச்சுவார்த்தையில் சொற்கள் இரண்டு பக்கமும் போயின. கட்டுமரம் 'கேட்டமரான்' ஆனது. 1697-இல் வெளியான தன் பயண நூலில் வில்லியம் டாம்பியர் என்ற கடலோடி அதைக் குறிப்பிடுகிறார். இன்று உலகெங்கும் இரட்டை உடல் கொண்ட நவீனப் படகுகளுக்கு அந்தப் பெயர். சுருட்டு 'செரூட்' ஆனது. மிளகுத்தண்ணீர் 'மல்லிகடானி' என்ற சூப்பாகி லண்டன் மேசைக்குப் போனது. நாம் ஆங்கிலம் என்று நினைக்கும் 'டிபன்' இந்தியாவில் இருந்த ஆங்கிலேயரின் கொச்சையில் வளர்ந்த சொல். இங்கிலாந்தில் இருப்பவர்கள் காலைச் சாப்பாட்டை அப்படிச் சொல்வதில்லை.

ஒரு சொல் மட்டும் எனக்கு ஒவ்வொரு முறையும் வலிக்கும். பறையர் என்ற மக்களின் பெயரை ஆங்கிலம் 'பரையா' என்று எடுத்து, 'எல்லோராலும் ஒதுக்கப்பட்டவர்' என்ற பொருளில் வைத்திருக்கிறது. உலகச் செய்தித்தாள்கள் சாதாரணமாக எழுதுகின்றன. நம் ஊரின் சாதிக் கொடுமையும் கப்பலேறிப் போய் அகராதியில் உட்கார்ந்திருக்கிறது. மொழிபெயர்ப்பில் அந்தச் சொல் வரும் இடத்தில் நான் வேறு சொல்தான் போடுகிறேன்.

1835-இல் ஆங்கிலேய அதிகாரி மெக்காலே எழுதிய கல்விக் குறிப்புக்குப் பிறகு அரசின் பணம் ஆங்கிலக் கல்விக்குத் திரும்பியது. 1857-இல் சென்னை, பம்பாய், கல்கத்தா பல்கலைக்கழகங்கள் வந்தன. விடுதலைக்குப் பின், அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்து பதினைந்து வருடத்தில், அதாவது 1965 ஜனவரி 26-இல் ஒன்றிய ஆட்சியில் ஆங்கிலத்தின் இடத்தில் இந்தி வருவதாக இருந்தது. தமிழ்நாட்டில் மாணவர்கள் தெருவுக்கு வந்த அந்த நாள்கள் பலர் வீட்டில் இன்னும் பேசப்படுகின்றன. ஆங்கிலம் தொடர்வதற்கு 1967-இல் சட்டம் திருத்தப்பட்டது. இலங்கையில் 1956-இல் ஆங்கிலம் இருந்த இடத்தில் சிங்களம் மட்டும் ஆட்சிமொழியானபோது தமிழர்களுக்கு நேர்ந்தது நமக்குத் தெரியும். ஆளவந்தவனின் மொழி, பிறகு இன்னொரு மொழி அழுத்தும்போது பிடித்துக்கொள்ளும் கம்பாகவும் ஆகியிருக்கிறது. இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் நம் ஊர் ஆங்கிலத்தைப் புரிந்துகொள்ள முடியாது.

பிடித்துக்கொண்டவர்கள் அதைத் தங்களுக்கு வேண்டியபடி வளைத்துக்கொண்டார்கள். தள்ளிவைப்பதற்கு ஆங்கிலத்தில் 'போஸ்ட்போன்' இருந்தது, முன்கூட்டி வைப்பதற்குச் சொல் இல்லை. இந்தியர்கள் 'ப்ரீபோன்' என்றார்கள். இப்போது அது ஆக்ஸ்ஃபோர்டு அகராதியில் இருக்கிறது. நமக்குச் சகலை என்று ஒரு உறவு உண்டு, ஆங்கிலத்தில் 'பிரதர் இன் லா' என்ற பெரிய கோணிக்குள் அவரும் மைத்துனரும் ஒன்றாகக் கிடந்தார்கள். தென்னிந்தியர்கள் 'கோ பிரதர்' என்று பிரித்தெடுத்தார்கள். இதைத் தப்பு என்று யாராவது திருத்தினால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். வேண்டிய சொல் இல்லாத இடத்தில் சொல் செய்திருக்கிறோம். சிங்கப்பூரில் 'கேன் லா' என்றால் 'முடியும்ப்பா'. அந்த 'லா' எந்த லண்டன்காரருக்கும் சொந்தமில்லை. அங்கே அடுக்குமாடி வீடுகளுக்குக் கீழே இருக்கும் பெட்டிக்கடையைச் சீனர், மலாய்க்காரர் எல்லோரும் 'மாமா ஷாப்' என்கிறார்கள். நம் மாமாதான் அது. தமிழ் முஸ்லிம் கடைக்காரர்களைக் கூப்பிட்ட சொல், சிங்கப்பூர் ஆங்கிலமாகிவிட்டது.

இன்று ஆங்கிலம் பேசுபவர்கள் சுமார் 150 கோடி என்று மதிப்பிடுகிறார்கள். அதில் தாய்மொழியாகக் கொண்டவர்கள் 40 கோடி அளவில்தான். காஷ்மீரில் பிறந்த மொழியியலாளர் பிரஜ் கச்ரு 1980-களில் இதை மூன்று வட்டமாகப் பிரித்துக் காட்டினார். உள்ளே இங்கிலாந்து, அமெரிக்கா போன்றவை. அதைச் சுற்றி இந்தியா, நைஜீரியா, சிங்கப்பூர் போல முன்பு ஆளப்பட்டு, இன்றும் ஆங்கிலத்தை உள்நாட்டு வேலைக்கே வைத்திருப்பவை. வெளியே சீனா, ஜப்பான் போல வெளியாரோடு பேசக் கற்பவை. ஒரு ஜப்பானிய விமானியும் பிரேசில் விமானியும் இன்னொரு நாட்டின் வானில் ஆங்கிலத்தில் பேசிக்கொள்ளும்போது அங்கே ஆங்கிலேயர் ஒருவர்கூட இருக்க வேண்டியதில்லை.

இதையெல்லாம் பத்து வயதுப் பிள்ளையிடம் ஒரே மூச்சில் சொல்லவில்லை. வைக்கிங் வரைக்கும் சொன்னேன், அவள் 'க்னீஃப், க்னீஃப்' என்று வீடெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தாள். மறுநாள் எழுதச் சொன்னேன். கே முதலில் வந்தது.

நேற்று அடுத்த கேள்வியோடு வந்தாள். வெட்னஸ்டேயில் டி எங்கே போகிறது? அது வோடன் என்ற பழைய தெய்வத்தின் நாள் என்றேன். ரோமர்கள் அந்த நாளை மெர்க்குரியின் நாள் என்றார்கள், ஆங்கிலோ-சாக்சன்கள் மெர்க்குரிக்குப் பதில் தங்கள் வோடனை வைத்தார்கள். காலண்டரைக் காட்டினேன். மெர்க்குரி என்ற கோளுக்கு நம் பெயர் புதன். அதே நாள். அவள் கொஞ்ச நேரம் காலண்டரையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "ஆனா நம்ம டீச்சர் டி-யையும் சேர்த்துத்தானே சொல்றாங்க?" என்றாள். ஆமாம், நானும் அப்படித்தான் சொல்கிறேன். நம் ஊரில் பலர் வாயில் வோடனின் டி இன்னும் ஒலிக்கிறது.